ஒரகடம் பக்கத்துல மலை இருக்கா?

(எபிசோடின் திருத்தப்பட்ட எழுத்து வடிவம்)

இன்னிக்கு எபிசோடை ஒரு பஸ் ஜன்னல்ல இருந்து ஆரம்பிக்கலாம். காலையில அஞ்சரை மணி ஷிஃப்ட் பஸ். பல்லாவரத்துல ஏறி, குன்றத்தூர் வழியா ஸ்ரீபெரும்புதூர், இல்லேன்னா படப்பை வழியா ஒரகடம். இந்த ரூட்ல தினம் போறவங்க நம்ம கேட்பவர்கள்ல நிறைய பேர் இருக்கீங்க. ஜன்னல் வழியா என்ன தெரியும்? ஏரி, அப்புறம் இன்னொரு ஏரி, கன்டெய்னர் லாரி வரிசை, கார் கம்பெனி மதில் சுவர், கண்ணாடி ஃபேக்டரி, புரோட்டா கடை. தரை மட்டும் தட்டையா போய்க்கிட்டே இருக்கும். "இந்தப் பக்கம் மலையே இல்லையே, இதுல என்ன வரலாறு பேசப் போறீங்க"ன்னு எங்க டீம்லயே ஒருத்தர் கேட்டார்.

மலை இருக்கு. ஆனா அது மலை மாதிரி இல்ல. அதுதான் அதோட பிரச்சனையே.

மேற்குத் தொடர்ச்சி மலைன்னு சொன்னா உங்களுக்கு உடனே ஊட்டி, கொடைக்கானல், மூணாறு ஞாபகம் வரும். ஒரே நீள்சுவர் மாதிரி நிக்கும். கிழக்குத் தொடர்ச்சி மலை அப்படி இல்ல. ஆறுகள் அதைத் துண்டு துண்டா வெட்டிப் போட்டிருக்கு. இந்தத் தீபகற்பத்தோட கிழக்கு ஓரத்துல விட்டு விட்டுத்தான் அது நிக்கும். சென்னைக்கு வடமேற்கே வந்தா நகரி மலை, அதுக்குக் கிழக்கே சத்தியவேடு பக்கத்து மேடுகள், அதோட தெற்கு வால் மாதிரி திருவள்ளூர் மாவட்டத்துல அல்லிக்குழி மலை. உயரம் சில நூறு மீட்டர்தான். சென்னைக்குத் தெற்குப் பக்கம் வந்தா இன்னும் மோசம். பரங்கிமலை, திரிசூலம், பல்லாவரம், திருநீர்மலை, குன்றத்தூர்னு தனித்தனிக் குன்றுகள். பரங்கிமலையோட உயரம் கிட்டத்தட்ட 90 மீட்டர். ஒரு முப்பது மாடி அப்பார்ட்மென்ட் அதை எட்டிப் பிடிச்சிடும்.

வடக்கே அல்லிக்குழி, தெற்கே பல்லாவரம் குன்றுகள். இந்தக் குன்றுகளுக்குப் பக்கத்துல இருக்கிற தட்டை நிலம்தான் ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம். அது ஏன் தட்டையா இருக்குன்னு கேட்டா கொஞ்சம் பின்னாடி போகணும். கொஞ்சம்னா, கோடிக் கணக்குல.

முதல்ல தெற்குக் குன்றுகள். பல்லாவரம், பரங்கிமலைப் பாறைக்குப் பேரு சார்னோக்கைட். கறுப்பும் நீலமும் கலந்த மாதிரி, எண்ணெய் தேய்ச்ச பளபளப்போட இருக்கும். சுமார் 250 கோடி ஆண்டு பழசு. இந்தப் பேரு எங்கிருந்து வந்துச்சு தெரியுமா? கொல்கத்தாவுல ஒரு கல்லறையில இருந்து. 1690கள்ல செத்துப்போன ஜாப் சார்னாக்குங்கிற கிழக்கிந்தியக் கம்பெனிக்காரரோட கல்லறைக் கல், நம்ம ஊர்ப் பக்கத்துல இருந்து போன கல். தாமஸ் ஹாலண்டுங்கிற நிலவியலாளர் 1893ல இந்தப் பாறை வகைக்குப் பேரு வைக்கும்போது அந்தக் கல்லறைக்காரர் பேரையே வெச்சுட்டார். பல்லாவரத்துக் கல்லுக்கு, பல்லாவரத்துல வாழாத ஒருத்தர் பேரு. இன்னிக்கு உலகம் முழுக்க ஜியாலஜி படிக்கிறவங்க சார்னோக்கைட்னு சொல்றாங்க. 'பல்லாவரைட்'னு இருந்திருந்தா நல்லாத்தான் இருந்திருக்கும், விடுங்க.

இந்தியா, அண்டார்டிகா, ஆஸ்திரேலியா எல்லாம் ஒட்டியிருந்த காலத்துல, நம்ம கிழக்குக் கடற்கரை கிழக்கு அண்டார்டிகாவோட ஒட்டியிருந்தது. சுமார் 13 கோடி ஆண்டுகளுக்கு முன்னாடி அந்த ஒட்டு பிரிய ஆரம்பிச்சது. துணியைக் கிழிக்கும்போது ஓரத்துல நூல் பிரிஞ்சு பள்ளம் விழுற மாதிரி, கடற்கரை ஓரமா நிலம் இறங்கிப் பள்ளங்கள் உண்டாச்சு. அதுல ஒண்ணு பாலாற்றுப் படுகை. அந்தப் பள்ளத்துல சேறு படிஞ்சது, கடல் உள்ளே வந்தது. அப்படிப் படிஞ்ச களிப்பாறை அடுக்குக்கு நிலவியல்ல என்ன பேரு தெரியுமா? 'ஸ்ரீபெரும்புதூர் அடுக்கு'. நீங்க கம்பெனி ஐடி கார்டைத் தேய்ச்சு உள்ளே போற அதே ஊரு. அந்தக் களிப்பாறையைப் பிளந்தா ஒரே இடத்துல இலைப் புதைபடிவமும் கிடைக்கும், அம்மோனைட்ங்கிற கடல் உயிரியோட சுருள் ஓடும் கிடைக்கும். அதாவது மரங்கள் இருந்த கரைக்குப் பக்கத்துலயே கடல். பூக்கள் உலகத்துல பரவறதுக்கு முன்னாடி இருந்த தாவரங்கள் அவை.

இந்தக் களிக்கு மேல, வடக்குப் பக்கம், ஆறுகள் வேற ஒரு சரக்கைக் கொண்டுவந்து கொட்டிச்சு. குவார்ட்சைட் உருளைக்கற்கள். கடப்பை, நகரி மலைப் பக்கத்துப் பழைய பாறை உடைஞ்சு, உருண்டு, வழவழன்னு ஆகி வந்தது. தேங்காய் அளவு, பூசணிக்காய் அளவுக் கற்கள் எல்லாம் சேர்ந்து சிமென்ட் போட்ட மாதிரி இறுகிடுச்சு. அந்த இறுகின கூழாங்கல் குவியல்தான் அல்லிக்குழி மலை. பாறையே கூழாங்கல்லால ஆன மலை. மழையில கரைஞ்சு கரைஞ்சு, அந்தக் கற்கள் மறுபடி வெளியே விழுந்து, ஆத்துல உருண்டு, சமவெளி முழுக்க சரளையா பரவுச்சு. அதுக்கு மேல செம்புறை மண். இந்தச் செம்மண் சரளையை ஞாபகம் வெச்சுக்கோங்க. கதை முழுக்க அதுக்குள்ளதான் நடக்குது.

இப்போ 1863. ராபர்ட் புரூஸ் ஃபூட்டுக்கு 28 வயசு. இந்திய நிலவியல் ஆய்வுத் துறையில சேர்ந்து அஞ்சு வருஷம்கூட முடியல. மே 30ம் தேதி, நல்ல கத்திரி வெயில், பல்லாவரம் கன்டோன்மென்ட் பக்கம் சரளை எடுக்கத் தோண்டின ஒரு சின்னக் குழி. அதுல ஒரு கல் வித்தியாசமா தெரியுது. எடுத்துப் பார்க்கிறார். ரெண்டு பக்கமும் சில்லு சில்லா உடைச்சு, ஓரம் கூராக்கின கல். அது தானா உடைஞ்சது இல்லேன்னு பார்த்ததும் தெரியுது.

இது ஏன் பெரிய விஷயம்? அதுக்கு நாலே வருஷம் முன்னாடி, 1859லதான் ஐரோப்பாவுலயே இந்த விவாதம் ஒரு முடிவுக்கு வந்துச்சு. பிரான்ஸ்ல பூஷே த பெர்த்துங்கிறவர், அழிஞ்சுபோன விலங்குகளோட எலும்பு கிடைக்கிற அடுக்குலயே மனுஷன் செஞ்ச கல்லும் கிடைக்குதுன்னு பல வருஷமா சொல்லிக்கிட்டு இருந்தார். யாரும் நம்பல. 1859ல இங்கிலாந்துல இருந்து நிபுணர்கள் போய்ப் பார்த்துத்தான் ஒத்துக்கிட்டாங்க. அந்தச் செய்தியைப் படிச்ச கண்ணு இருந்ததாலதான் ஃபூட்டால பல்லாவரத்துக் கல்லைக் கல்லாக் கடந்து போக முடியல. பழைய கற்காலம்னு ஒண்ணு இந்தியாவுல இருந்ததுக்கு முதல் ஆதாரம் அதுதான்.

ஒரு கல்லை வெச்சு ஒண்ணும் சொல்ல முடியாதுன்னு அவருக்குத் தெரியும். தேடிக்கிட்டே போனார். அதே வருஷம் செப்டம்பர்ல, சக நிலவியலாளர் வில்லியம் கிங்கோட அல்லிக்குழி மலைக்குக் கிழக்கே, கொற்றலையாற்றுப் படுகையில, அத்திரம்பாக்கம்ங்கிற ஊருக்குப் பக்கத்துல ஒரு ஓடைக்குப் போனார். அங்கே ஒண்ணு ரெண்டு இல்ல, ஓடைக்கரை முழுக்கக் கற்கருவிகள். கைக்கோடரி, வெட்டுக்கத்தி மாதிரியானவை, எல்லாமே குவார்ட்சைட். அந்தக் கூழாங்கல் மலை கொடுத்த கல். பின்னாடி வந்த தொல்லியலாளர்கள் இந்தக் கைக்கோடரி மரபுக்கு மெட்ராஸ் பேரையே வெச்சாங்க. மெட்ராஸ் ஐ, மெட்ராஸ் செக்ஸ்னு எல்லாத்துக்கும் பெருமைப்படுறோம், இதையும் லிஸ்ட்ல சேர்த்துக்கோங்க.

ஃபூட் ஒரு கல்லைக்கூடத் தூக்கிப் போடல. நாற்பது வருஷம் தென்னிந்தியா முழுக்கச் சேர்த்ததை 1904ல சென்னை அருங்காட்சியகத்துக்கு விற்றார். எழும்பூர்ல இன்னிக்கும் அந்தச் சேகரிப்பு இருக்கு. அவரோட அஸ்தி ஏற்காடு சர்ச்ல இருக்கு.

சரி, இந்தக் கருவிகள் எவ்வளவு பழசு? இதுக்கு 140 வருஷத்துக்கும் மேல பதில் கிடைக்கல. ஏன் கிடைக்கலங்கிறதுதான் இந்த எபிசோடுல எனக்கு ரொம்பப் பிடிச்ச பகுதி.

அத்திரம்பாக்கத்துல மேல சரளை இருக்கு, அதுக்குக் கீழ ஒரு களிமண் அடுக்கு இருக்கு. மெல்லிய ஏடு ஏடா படிஞ்ச களி. பார்த்தவங்க எல்லாரும், "இது நமக்குத் தெரிஞ்ச களிதானே, ஸ்ரீபெரும்புதூர் வகைக் களிப்பாறை, டைனோசர் காலத்துது"ன்னு நினைச்சாங்க. டைனோசர் காலத்து மண்ணுக்குள்ள மனுஷன் செஞ்ச கருவி எப்படி இருக்கும்? அதனால சரளை வரைக்கும் பார்த்துட்டு, களி வந்ததும் "அடிமட்டம் வந்தாச்சு"ன்னு நிறுத்திடுவாங்க. ஒரு தலைமுறை இல்ல, பல தலைமுறை.

1999ல சென்னையில இருக்கிற சர்மா பாரம்பரியக் கல்வி மையத்தோட சாந்தி பப்பு, அப்புறம் குமார் அகிலேஷ், இவங்க குழு அங்கே அகழாய்வு ஆரம்பிச்சாங்க. களி வந்ததும் இவங்க நிறுத்தல. தோண்டினாங்க. களிக்குள்ள கருவிகள் வருது. இன்னும் கீழே போனா இன்னும் வருது. மீட்டர் கணக்குல ஆழம். அந்தக் களிக்குள்ள இயற்கையான கூழாங்கல்லே கிடையாது. அப்படின்னா ஆறு உருட்டிக்கிட்டு வந்து போட்டது இல்ல, யாரோ மலைப் பக்கத்துல இருந்து கையில எடுத்துக்கிட்டு வந்திருக்காங்க. அது டைனோசர் காலத்துக் களிப்பாறையும் இல்ல. வெள்ளம் வடிஞ்சு வடிஞ்சு படிஞ்ச, ரொம்ப இளைய களி. பார்வைக்கு மட்டும் அதே மாதிரி இருந்திருக்கு. விலங்குகளோட பல் எச்சங்களும் அங்கே கிடைச்சுது.

வயசைக் கண்டுபிடிச்ச முறையும் அழகு. விண்வெளியில இருந்து வர்ற காஸ்மிக் கதிர்கள் குவார்ட்ஸ் கல்லு மேல படும்போது அதுக்குள்ள அலுமினியம்-26, பெரிலியம்-10னு ரெண்டு அணுவகை உண்டாகும். கல் ஆழமா புதைஞ்சதும் உற்பத்தி நின்னுடும், ரெண்டும் சிதைய ஆரம்பிக்கும். ஆனா அலுமினியம் வேகமா சிதையும், பெரிலியம் மெதுவா. அதனால ரெண்டோட விகிதம் ஒரு கடிகாரம் மாதிரி. கல் எப்போ வெளிச்சத்தைக் கடைசியா பார்த்ததுன்னு சொல்லிடும். இன்னொரு சாட்சி, பூமியோட காந்தப்புலம். அது கடைசியா தலைகீழா மாறினது சுமார் 7 லட்சத்து 80 ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடி. அந்தக் களியில பதிவான காந்தத் திசை தலைகீழா இருந்தது. ஆக அதைவிடப் பழசு.

ரெண்டையும் சேர்த்து 2011ல சயின்ஸ் இதழ்ல வெளியிட்டாங்க. குறைஞ்சபட்சம் 10 லட்சத்து 70 ஆயிரம் வருஷம், சராசரியா 15 லட்சம் வருஷம். அதுவரைக்கும் இந்தியாவுல இந்த வகைக் கைக்கோடரிக்கு இவ்வளவு பழமையை யாரும் எதிர்பார்க்கல. நம்ம இனமான ஹோமோ சேப்பியன்ஸுக்கு வயசு மூணு லட்சம் வருஷம்தான். அப்போ இங்கே உட்கார்ந்து கல் உடைச்சவங்க நாம இல்ல. நமக்கு முந்தின வேற மனித இனம். யாருன்னு பேரு வைக்க அங்கே எலும்பு ஒண்ணும் கிடைக்கல.

2018ல நேச்சர் இதழ்ல அடுத்த கட்டுரை. அதே இடத்துல மேல் அடுக்குகள்ல இருந்து 7,000க்கும் மேற்பட்ட கருவிகள். இங்கே பெரிய கைக்கோடரி குறைஞ்சு, முதல்லயே மனசுல திட்டம் போட்டு, மூலக்கல்லைத் தயார் பண்ணி, அதுல இருந்து வேண்டிய வடிவத்துல சில்லு எடுக்கிற முறை வருது. அந்த மாற்றம் ஆரம்பிச்சது சுமார் 3 லட்சத்து 85 ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடி. இந்தத் தொழில்நுட்பம் எல்லாம் ஆப்பிரிக்காவுல இருந்து கிளம்பி வந்த நவீன மனிதர்கள் ரொம்பப் பின்னாடி கொண்டுவந்ததுன்னு இருந்த கருத்தை அது கேள்வி கேட்டுச்சு. விவாதம் இன்னும் ஓடுது. ஆனா திருவள்ளூர் மாவட்டத்து ஓடை ஒண்ணை ஒதுக்கிட்டு அந்த விவாதத்தை இனிமே யாரும் பேச முடியாது.

ஏன் இந்த இடம்? எனக்குத் தோணுறது என்னன்னா, மலை குட்டையா இருந்ததுதான் காரணம். ஏற முடியாத மலைன்னா யாரும் பக்கத்துல தங்க மாட்டாங்க. இங்கே நல்ல கல் கையெட்டும் தூரத்துல உதிருது. குடியம் பக்கம் பெரிய பாறைக் குகைகள் இருக்கு. மழைக்கு ஒதுங்கலாம், இன்னிக்கும் அங்கே ஒரு குகைக்குள்ள அம்மன் இருக்கு. கீழே தண்ணீர். கொற்றலையாறு ஒரு காலத்துல பாலாற்றோட பழைய வழின்னு நிலவியலாளர்கள் கருதுறாங்க, அதுக்கு 'விருத்த க்ஷீர நதி', அதாவது கிழட்டுப் பாலாறுன்னே ஒரு பேரு உண்டு. கல், தண்ணி, கூரை மூணும் ஒரே இடத்துல. இன்னிக்கு ஒரு கம்பெனி இடம் தேடும்போது ரோடு, தண்ணி, கரண்ட்னு பார்க்குதே, கிட்டத்தட்ட அதே கணக்கு.

ஒரகடத்துக்கே வருவோம். 2022ல இந்தியத் தொல்லியல் துறை ஒரகடம் பக்கத்துல வடக்குப்பட்டுங்கிற கிராமத்துல தோண்டினாங்க. கல்கருவிகள் வந்துச்சு, சுமார் 12,000 வருஷப் பழமைன்னு அப்போ சொன்னாங்க. அதுக்கு மேல சங்க காலத்துப் பானை ஓடு, கண்ணாடி மணி, ரோமானிய ஆம்போரா ஜாடித் துண்டுகள். ரோம்ல இருந்து வந்த ஜாடி ஒரகடத்துல! ஏற்றுமதி இறக்குமதி இந்தக் காரிடாருக்குப் புதுசு இல்லைன்னு ஒரு மொக்கை ஜோக் போடலாம், போட்டுட்டேன்.

இப்போ கொஞ்சம் சங்கடமான பகுதி. ஹூண்டாய் இருங்காட்டுக்கோட்டையில 1998ல கார் தயாரிக்க ஆரம்பிச்சதுல இருந்து இந்தப் பக்கம் எவ்வளவு நிலம் மாறியிருக்குன்னு உங்களுக்கே தெரியும். இது பழைய செங்கல்பட்டு மாவட்டம், ஏரி மாவட்டம்னே பேரு. பள்ளமான நிலம். ஃபேக்டரி கட்டணும்னா முதல்ல தரையை உயர்த்தணும். அதுக்கு வேணும் சவுடு, கிராவல். கட்டடத்துக்கு ஜல்லி, எம்-சாண்ட். இதெல்லாம் எங்கிருந்து வரும்? குட்டையான மலையில இருந்தும் மேட்டுச் செம்மண்ல இருந்தும்தான். உயரமான மலையை உடைச்சா ஊரே பார்க்கும். அம்பது மீட்டர் குன்று கரைஞ்சா, "அங்க ஒரு பாறை இருந்துச்சுல்ல"ன்னு ரெண்டு பேர் பேசுவாங்க, அவ்வளவுதான். பல்லாவரம், திரிசூலம் பக்கம் குன்றுகள் எப்படிக் குவாரிக் குட்டைகளா ஆச்சுன்னு மின்சார ரயில்ல போறவங்க பார்த்திருப்பீங்க. 2017 வறட்சியில மாங்காடு பக்கம் சிக்கராயபுரம் கல்குவாரிக் குட்டைகள்ல இருந்துதான் சென்னைக்குக் குடிதண்ணி எடுத்தாங்க. மலையை வெட்டி எடுத்த பள்ளம் நமக்குத் தண்ணி கொடுத்துச்சு. நன்றி சொல்றதா, வருத்தப்படுறதான்னு எனக்கே தெரியல.

நான் தொழிற்சாலைக்கு எதிரி இல்ல. எங்க வீட்டு வாடகையே இந்தக் காரிடார் சம்பளத்துல போகுது. என் கேள்வி வேற. நம்ம பாதுகாப்பு எல்லாம் கோயில், கோட்டை மாதிரி எல்லை போட்டு வேலி கட்டக்கூடிய இடங்களுக்குத்தான் நல்லா பொருந்துது. கற்காலம் அப்படி இல்ல. அது ஒரு கட்டடம் இல்ல, ஒரு மண் அடுக்கு. பல கிலோமீட்டருக்கு மெல்லிசா விரிஞ்சு கிடக்கிற சரளை. அதை ஒரு டிப்பர் லாரிக்காரர் ஒரு லோடு கிராவல்னு பார்க்கிறதுல தப்பே இல்ல, அவருக்கு யார் சொன்னாங்க? அத்திரம்பாக்கத்துல கிடைச்ச வயசு, கல்லை வெச்சு மட்டும் கிடைக்கல. அது எந்த அடுக்குல, என்ன ஆழத்துல, எதுக்குப் பக்கத்துல இருந்ததுங்கிறதை வெச்சுக் கிடைச்சுது. லாரியில ஏறி வேற ஊர்ல கொட்டின பிறகு அந்தக் கல் வெறும் அழகான கல். மியூசியத்துல வைக்கலாம், அது எதுவும் சொல்லாது.

இதுல இன்னொரு முரண்பாடும் இருக்கு. ஃபூட் அந்த முதல் கல்லைப் பார்த்ததே சரளைக்காகத் தோண்டின குழியிலதான். தோண்டாம இருந்திருந்தா தெரிஞ்சிருக்காது. ஆக, தோண்டுறது பிரச்சனை இல்லைன்னு வாதாடலாம். ஆனா 1863ல அந்தக் குழி கடப்பாரையும் மண்வெட்டியுமா, நாள் கணக்குல தோண்டின குழி, எட்டிப் பார்க்க ஒருத்தருக்கு நேரம் இருந்துச்சு. ஜேசிபி ஒரு பிற்பகல்ல அதை முடிச்சிடும். புதுசா ஒரு தொழிற்பூங்காவுக்கு மண் எடுக்கிறதுக்கு முன்னாடி, கற்கருவி பார்த்துப் பழகின ஒருத்தர் ரெண்டு நாள் அந்த மேட்டுல நடந்தா போதும். ரோபோ வாங்குற பட்ஜெட்ல அது தெரியவே தெரியாது.

நேர்ல பார்க்கணும்னு ஆசை இருக்கிறவங்களுக்கு: ஸ்ரீபெரும்புதூர்ல இருந்து திருவள்ளூர் வழியா வடக்கே போனா பூண்டி நீர்த்தேக்கம். 1944ல கட்டினது, கொற்றலையாற்றுக்குக் குறுக்கே. அங்கேயே மாநிலத் தொல்லியல் துறையோட கற்கால அருங்காட்சியகம் இருக்கு. சின்னதுதான், அரை மணி நேரத்துல பார்த்துடலாம். போறதுக்கு முன்னாடி லீவு நாளான்னு விசாரிச்சுக்கோங்க. குடியம் குகைக்குக் காட்டுக்குள்ள நடக்கணும், தனியா போகாதீங்க, தண்ணி நிறைய எடுத்துக்கோங்க. நடக்கும்போது காலுக்குக் கீழ உருண்டைக் கற்களா உருளும், செருப்பு போதாது, ஷூ போட்டுக்கோங்க. ரெண்டு பக்கமும் சில்லு எடுத்த கல் ஒண்ணு கண்ணுல பட்டா, போட்டோ எடுங்க, லொகேஷன் குறிச்சுக்கோங்க, கல்லை அங்கேயே விட்டுட்டு வாங்க.

அடுத்த எபிசோடுல செம்பரம்பாக்கம் ஏரியோட மதகுகளைப் பத்திப் பேசலாம். பார்க்கலாம் மக்களே.